மனுவும் மனிதனும்: ஷோபாசக்தியின் எழுத்தும் நடிப்பும்

‘நீ யார்?’ என்னும் வினாவைத் துறவியும் கேட்கிறார், பொலிஸ்காரரும் கேட்கிறார். துறவியின் வினாவுக்கு விடை தேட ஓர் ஆயுட்காலம் முழுவதும் அவகாசம் உண்டு. பொலிஸ்காரரின் வினாவுக்கோ அந்தக் கணத்திலேயே ஒரு பத்திரத்தை எடுத்து நீட்டியாக வேண்டும். நமது இலக்கிய மரபிலே முதலாவது வினா நெடுங்காலமாக உயர்ந்த பீடத்தில் வீற்றிருக்கிறது. அது ஆன்ம விசாரம் என்று போற்றப்பட்டது. இரண்டாவது வினா வெறும் கந்தோர் விவகாரம் என்று ஒதுக்கப்பட்டது. ஆயினும், சென்ற நூற்றாண்டிலும் இந்த நூற்றாண்டிலும் கோடிக்கணக்கான மனிதரின் சோற்றையும் உறக்கத்தையும் உயிரையும் நிர்ணயித்தது அந்தக் கந்தோர் வினாவே. அதற்குரிய விடையைக் கையில் வைத்திராத மக்களின் கதையைச் சொல்லாத இலக்கியம் தன் காலத்தின் இலக்கியமாக இருத்தல் அரிது.

இந்த வினாவைத் தமிழ்ப் புனைகதையின் நடுவே கொண்டுவந்து நிறுத்தியவர்களுள் முதன்மையானவர் ஷோபாசக்தி. அந்தோனிதாசன் யேசுதாசன் என்பது அவரது இயற்பெயர். 1967இல் யாழ்ப்பாணத்துத் தீவுப் பகுதியைச் சேர்ந்த அல்லைப்பிட்டியில் பிறந்தவர். பதின்ம வயதிலே தமிழீழ விடுதலைப் புலிகள் இயக்கத்தில் சேர்ந்து, 1986இல் அதனை விட்டு விலகியவர். தாய்லாந்தில் அகதியாகச் சில ஆண்டுகளைக் கழித்த பின்னர், 1993இல் போலிக் கடவுச்சீட்டொன்றின் துணையுடன் பிரான்சை அடைந்தார். அங்கே உணவகங்களில் கோப்பை கழுவினார். பேரங்காடிகளில் பண்டம் அடுக்கினார். ட்ரொட்ஸ்கியவாத அமைப்பொன்றோடு சில ஆண்டுகள் சேர்ந்து உழைத்தார். 2001இல் ‘கொரில்லா’, 2004இல் ‘ம்’, 2015இல் ‘பொக்ஸ் கதைப் புத்தகம்’, 2019இல் ‘இச்சா’ என நாவல்களும், இடையிடையே ‘தேசத்துரோகி’, ‘கண்டி வீரன்’ முதலிய சிறுகதைத் தொகுதிகளும் வெளிவந்தன. பிரான்சில் முப்பதாண்டுகளுக்கு மேல் வாழ்ந்தும் அவர் எழுதுவது தமிழிலேதான். இதற்கிடையில் அவர் நடிகருமானார். ஜாக் ஒடியார் நெறிப்படுத்திய ‘தீபன்’ என்ற பிரெஞ்சுப் படத்தில் அவரே கதாநாயகர். பெரும்பகுதி தமிழில் பேசும் அந்தப் படம் 2015இல் கான் திரைப்பட விழாவின் தங்கப் பனை விருதைப் பெற்றது.

இரத்தினபுரி மாவட்டத்து றக்வானையிலே, தேயிலைக்கும் இறப்பருக்கும் நடுவே பிள்ளைகளுக்குத் தமிழ் கற்பிக்கும் நாம் ஒரு தீவக எழுத்தாளரைப் பற்றி எழுதப் புகுவது ஏன் என்று வாசகர் வினவலாம். விடை எளிது. பத்திரம் என்றால் என்னவென்று இந்நாட்டில் எவரினும் நன்கறிந்த மக்கள் தோட்டத்து மக்களே.

அந்த வரலாற்றை ஒருமுறை வரிசைப்படுத்திப் பார்ப்பது பயனுடையது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலே கடல் கடந்து வந்த தொழிலாளிக்கு, அவர் போய்ச் சேரவேண்டிய தோட்டத்தைக் குறிக்கும் தகர டிக்கட் வழங்கப்பட்டது. தோட்டம் சேர்ந்த பின்னர் அவரைக் கட்டிப்போட்டது ‘துண்டு’. இன்ன தொகைக் கடனைத் தீர்த்தால் இவரை விடுவிக்கலாம் என்று துரை எழுதிக் கொடுக்கும் அந்தத் தாளின்றி வேறு தோட்டத்தில் வேலை கிடையாது. 1921இலேதான் அம்முறை சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. 1948இன் பிரசாவுரிமைச் சட்டம், தந்தையோ, அன்றேல் தந்தைவழிப் பாட்டனும் பூட்டனுமோ இலங்கையில் பிறந்ததற்குச் சான்று கேட்டது. பிறப்பைப் பதிந்து வைத்திராத இலட்சக்கணக்கான மக்கள் நாடற்றவராயினர். 1964 ஒக்டோபரில் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் கைச்சாத்திட்ட ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் ஒதுக்கிற்று. எஞ்சிய 1,50,000 பேர் 1974இல் இரு நாடுகளுக்கும் சரிபாதியாகப் பங்கிடப்பட்டனர். ‘பாஸ்போட் வந்துவிட்டது’ என்ற சொல் லயங்களிலே மரணச் செய்தியைப் போல ஒலித்த காலம் அது. எஞ்சியிருந்தோரின் நாடற்ற நிலைக்குச் சட்டப்படி முடிவு கட்டிய சட்டம் 2003இலேதான் வந்தது. தகரத்திலே தொடங்கித் தாளிலே தொடர்ந்த ஒரு நூற்றாண்டின் கதை இது.

இத்தகைய மக்களின் நடுவிலிருந்து ‘கொரில்லா’வைப் படிக்கும்போது, அதன் தொடக்கம் ஓர் உத்தி விளையாட்டாகத் தோன்றாது. அந்நாவல் ஒரு விண்ணப்பத்தோடு தொடங்குகிறது. பிரான்ஸ் நாட்டு அகதி அலுவலகத்துக்குத் தஞ்சம் கோரி எழுதப்பட்ட மனு அது. பிறந்த திகதி, ஊர், கைது செய்யப்பட்ட விபரம், பட்ட சித்திரவதை, தப்பிய வழி என்று அதிகாரி எதிர்பார்க்கும் ஒழுங்கிலே ஒரு மனிதனின் வாழ்க்கை அடுக்கப்படுகிறது. மனுவுக்கென்று ஒரு மொழி உண்டு. அது பணிவும் திகதியும் வரிசையும் உடைய மொழி. அந்த மொழிக்குள் அடங்கும் துன்பத்துக்கு மட்டுமே அனுமதி கிடைக்கும். அடங்காத துன்பத்துக்கு நாடு கடத்தல்தான் விதி.

மனு முடிந்தபின் நாவல் தன் சொந்தக் கதையைச் சொல்லத் தொடங்குகிறது. தீவகத்துச் சிறுவன் ரொக்கிராஜின் கதை அது. ஊரே அஞ்சும் சண்டியரான அவனது தந்தைக்குக் ‘கொரில்லா’ என்று பட்டப் பெயர். அந்தப் பெயரிலிருந்து ஓடித் தப்பவே மகன் இயக்கத்துக்குப் போகிறான். ஆனால் தமிழிலே கெரில்லாப் போராளியும் மனிதக் குரங்கும் ஒரே சொல்லால் வழங்கப்படும் கொடுமையை ஆசிரியர் நன்கறிந்திருக்கிறார். தந்தையின் வன்முறைக்கு அஞ்சி ஓடியவன் அமைப்பின் வன்முறைக்குள் விழுகிறான். பெயர் அவனைப் பின்தொடர்ந்து வருகிறது. மனுவில் எழுத இயலாதவை எல்லாம் இங்கே வருகின்றன. அதிகாரியின் முன்னே அகதி குற்றமற்றவனாக நின்றாக வேண்டும். நாவலிலோ அவன் அடிபட்டவனாகவும் அடித்தவனாகவும், அஞ்சியவனாகவும் அச்சுறுத்தியவனாகவும் நிற்கிறான். மனுவுக்கும் நாவலுக்கும் இடையிலுள்ள இந்த இடைவெளியே ஷோபாசக்தியின் கலை நிகழும் இடம் என்பது நமது முடிபு. மனு தேடுவது ஒரு பலியாளை. நாவல் காட்டுவது ஒரு மனிதனை. அவரது படைப்புகள் அனைத்தையும் இந்த ஒரு கருத்தைக்கொண்டு அளந்து பார்க்கலாம்.

பெயர் சூட்டும் அதிகாரத்தைப் பற்றிய அவரது விசாரணை ‘தேசத்துரோகி’ என்ற தொகுதியின் தலைப்பிலேயே தெரிகிறது. அரசாங்கம் ஒருவனைப் பயங்கரவாதி என்கிறது. இயக்கம் அவனைத் துரோகி என்கிறது. ஐரோப்பா அவனைச் சட்டவிரோதக் குடியேறி என்கிறது. மூன்றும் வெவ்வேறு மொழியில் எழுதப்பட்ட ஒரே வகைப் பத்திரங்கள். இவற்றுள் நடுவிலுள்ள பெயரைத் தமிழ் எழுத்தாளர் பலர் தொடவே அஞ்சினர். தன் இனத்தின் அரசியலுக்குள்ளே இருக்கும் கொலைக் குறிப்பேட்டைத் திறந்து காட்டுவது எதிரிக்குத் துணைபோவதாகும் என்ற வாதம் அன்று மிகுந்த செல்வாக்குடன் இருந்தது.

சப்ரகமுவத் தோட்டங்களில் வாழும் நாம் இந்த வாதத்தை ஏற்க இயலாமைக்குத் தக்க காரணம் உண்டு. துரோகி என்ற சொல் இந்நாட்டில் ஒரு மொழிக்கு மட்டும் உரியதாக இருந்ததில்லை. 1987 முதல் 1989 வரையான தென்னிலங்கைக் கிளர்ச்சியிலே தேசப் பற்றாளர் என்று தம்மை அழைத்துக்கொண்டோர் சிங்கள மக்களுள்ளேயே துரோகிகளைத் தேடிக் கொன்றனர். அரசாங்கமோ தேசத்தைக் காப்பதாகச் சொல்லிக்கொண்டு சிங்கள இளைஞரை ஆயிரக்கணக்கில் கொன்றது. எம்பிலிப்பிட்டியப் பாடசாலை மாணவர்கள் அக்காலத்திலேயே பிடித்துச் செல்லப்பட்டுக் காணாமற் போயினர். 1994இல் சூரியகந்தவில் ஒரு புதைகுழி தோண்டப்பட்டபோது, அப்பிள்ளைகளைத் தேடித் தாய் தந்தையர் அங்கே திரண்டனர். அந்த மலை றக்வானை மலைத்தொடரைச் சேர்ந்தது. தேசம், பற்று, துரோகம் ஆகிய சொற்கள் ஏழை வீட்டுப் பிள்ளைகளின் எலும்பாக எப்படி மாறுகின்றன என்பதற்கு இம்மலைகளே சான்று. ஷோபாசக்தி யாழ்ப்பாணத்துக் கதை சொல்லும்போது எம்பிலிப்பிட்டியத் தாயின் கதையும் அதனுள்ளே கேட்கிறது. ஓர் இனத்தின் உள்வீட்டுக் குற்றத்தைத் துணிந்து எழுதும் இலக்கியமே மற்ற இனத்தின் துயரோடு உறவாட வல்லது.

‘ம்’ என்ற நாவல் இந்தத் துணிவை மேலும் கடுமையான எல்லைக்குக் கொண்டு செல்கிறது. 1983 யூலை 25ஆம், 27ஆம் திகதிகளில் வெலிக்கடைச் சிறையிலே தமிழ்க் கைதிகள் 53 பேர் கொல்லப்பட்டனர். அந்தப் படுகொலையிலிருந்து உயிர் தப்பிய ஒருவன் பின்னர் ஐரோப்பாவில் குடும்பஸ்தனாக வாழ்கிறான். அங்கே, தன் வீட்டுக்குள்ளே, தன் பிள்ளைக்கே பெருங்குற்றம் இழைத்தவனாகிறான். வாசகர் அதிர்ச்சி அடைந்தனர், சிலர் வெறுத்தனர். தியாகி என்று பதிவாகியிருந்த ஒருவனை இப்படி இழிவுபடுத்தலாமா என்று கேட்டனர். ஆனால் நாவல் எழுப்பும் கேள்வி வேறு. பட்ட துன்பம் ஒருவனைப் புனிதனாக்கிவிடுமா? சிறையில் அவன்மீது பாய்ந்த வன்முறை அங்கேயே முடிந்துவிட்டதா? கதை சொல்பவனுக்கு எதிரே இருப்பவர் கொட்டும் ‘ம்’ என்ற ஓசையைத் தலைப்பாக்கியதிலே ஒரு குற்றச்சாட்டு மறைந்திருக்கிறது. எல்லாவற்றையும் கேட்டுவிட்டு ‘ம்’ என்று சொல்லிச் சும்மாயிருந்த சமுதாயத்தின் மீதான குற்றச்சாட்டு அது.

வெலிக்கடையில் மாண்டவர்களுள் ஒருவர் வைத்தியர் இராஜசுந்தரம். அவர் பெயர் தோட்டத்து மக்களால் மறக்கத் தகாதது. 1977ஆம் ஆண்டு வன்செயலில் தோட்டங்களிலிருந்து துரத்தப்பட்ட மக்களை வவுனியாப் பகுதியில் குடியேற்றி, நிலமும் கிணறும் பள்ளியும் அமைக்க உழைத்த காந்தீயம் இயக்கத்தின் தலைவர்களுள் அவர் ஒருவர். அந்தக் குற்றத்துக்காகவே 1983இல் சிறையிடப்பட்டார். இரத்தினபுரி மாவட்டத்துத் தோட்டங்களிலிருந்து 1977, 1981, 1983 ஆகிய ஆண்டுகளில் வெளியேறி வன்னி சென்றவர்களின் பிள்ளைகளே பின்னர் அங்கே போரின் நடுவே அகப்பட்டனர். 2009இல் முள்ளிவாய்க்கால் வரை துரத்தப்பட்ட மக்களிலே அவர்களும் இருந்தார்கள். வடக்கின் போர்க் கதை, மலையகத்தின் பிரசாவுரிமைக் கதை என்று இரண்டு கதைகள் இருப்பதாக நினைப்போர் இந்தக் குடும்பங்களை மறந்தவர்களே.

இனி நடிகரிடம் வருவோம். லீனா மணிமேகலை நெறிப்படுத்திய ‘செங்கடல்’ படத்தில் ஷோபாசக்தி எழுத்திலும் பங்கு கொண்டார், நடிக்கவும் செய்தார். தனுஷ்கோடிக் கடற்கரையின் மீனவரையும் அங்கே வந்து இறங்கும் அகதிகளையும் பற்றிய படம் அது. 2011இல் இந்தியத் தணிக்கைக் குழு அதற்கு முதலில் சான்றிதழ் தர மறுத்தது. அப்படம் காட்டும் கடற்பரப்பு தோட்டத்து மக்களுக்கும் உரியது. அருகிலுள்ள மண்டபம் முகாம் ஒரு காலத்தில் இலங்கைத் தோட்டங்களுக்குக் கூலியாட்களை நோய்ச் சோதனை செய்து அனுப்பிய நிலையம். ஒப்பந்தத்தின்படி திரும்பியவர்கள் இராமானுஜம் கப்பலில் வந்து இறங்கியதும் அந்தக் கரையிலேதான். 1983க்குப் பின்னர் அதே மண்டபம் ஈழத்து அகதிகளைப் பதிவு செய்யும் முகாமாயிற்று. போகும்போது ஒரு பதிவு, திரும்பும்போது ஒரு பதிவு, தஞ்சம் தேடி வரும்போது இன்னொரு பதிவு: பதிவேடுகள் மாறின, வரிசையில் நின்ற வர்க்கம் மாறவில்லை.

‘தீபன்’ படத்தின் கதைக்கரு மிகவும் கூர்மையானது. போரில் தோற்ற போராளி சிவதாசன், யாழினி என்ற பெண், தாயை இழந்த ஒரு சிறுமி ஆகிய மூவரும் ஒருவருக்கொருவர் அந்நியர். இறந்துபோன ஒரு குடும்பத்தின் கடவுச்சீட்டுகள் கிடைக்கின்றன. அவற்றுக்குப் பொருந்தும் வயதில் இவர்கள் இருக்கிறார்கள். ஆகவே குடும்பமாகிறார்கள். சிவதாசன் ‘தீபன்’ ஆகிறான். முதலில் பத்திரம் வந்தது. பின்னர் உறவு வந்தது. பாரிசின் புறநகர் அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றிலே குப்பை அகற்றி, மின்விளக்கு மாற்றி, தபால்களைப் பிரித்து வைக்கும் காவற்காரன் வேலை தீபனுக்குக் கிடைக்கிறது. ஒரே கூரையின் கீழ் உழைத்து, ஒரே அடுப்பில் சமைத்து உண்டு, பொய்யாய்த் தொடங்கிய குடும்பம் மெல்ல மெல்ல மெய்க் குடும்பமாகிறது. இரத்தத்தாலும் சாதியாலும் சட்டத்தாலும் உறவு உண்டாகும் என்ற நம் சமுதாய நம்பிக்கைக்கு இது தக்க மறுப்பு. உழைப்பைப் பகிர்வதால் உறவு உண்டாகும் என்பதைத் தோட்டத்து லயத்தில் வாழ்ந்தவர்கள் அறிவார்கள்.

படத்தில் சிறந்த காட்சி அகதி விசாரணைக் காட்சி. தீபன் ஒப்புவித்துப் பழகிய கதையைச் சொல்கிறான். மொழிபெயர்ப்பாளர் தமிழர். அந்தக் கதையைப் பலர் வாயாலும் கேட்டுச் சலித்தவர். அதிகாரிக்கு விளங்காத தமிழிலேயே அவர் தீபனைத் திருத்துகிறார். ஒரு சிறு மேசையில் மூன்று பேர். ஒரு வாழ்க்கை இரண்டு மொழிகளுக்கு நடுவே பேரம் பேசப்படுகிறது. ‘கொரில்லா’வின் மனு இங்கே உடலும் முகமும் பெற்று உட்கார்ந்திருக்கிறது. இந்தக் கதையிலே தன் வாழ்வு ஏறக்குறையப் பாதி கலந்திருப்பதாக ஷோபாசக்தியே கூறியிருக்கிறார். நடிப்பிலே அவர் மிகைப்படுத்துவதில்லை. தோளைச் சற்றுக் குறுக்கி, பார்வையை நிலத்தில் வைத்து, மொழி தெரியாதவன் அந்நிய ஊரில் நிற்கும் நிலையை அவர் உடலாலேயே காட்டிவிடுகிறார். வீதியில் பளபளக்கும் மலிவுச் சாமான்களை விற்கும் காட்சியில் அவர் முகத்திலுள்ள வெட்கம், கோப்பை கழுவியும் பண்டம் அடுக்கியும் வாழ்ந்த ஒருவருக்கே கைவரக்கூடியது.

ஆனால் படம் அந்த உயரத்தில் நிலைக்கவில்லை. இதனைச் சொல்லாவிட்டால் விமர்சனம் பாராட்டுரையாகிவிடும். குடியிருப்பை ஆளும் போதைப்பொருள் கும்பலை எதிர்த்துத் தீபன் தனியாளாகப் போரிட்டு, புகை மண்டிய படிக்கட்டில் ஏறி, யாழினியை மீட்கிறான். பின்னர் இங்கிலாந்து, பசும் புல்வெளி, கைக்குழந்தை, சிரிக்கும் நண்பர்கள். இதனை இரு காரணங்களால் நாம் குறை கூறுகிறோம். முதலாவது, பிரெஞ்சுப் புறநகரின் வறிய இளைஞரும் குடியேறிகளின் பிள்ளைகளே. அவர்கள் தந்தையரும் ஒரு காலத்தில் தொழிற்சாலைகளுக்காகக் கடல் கடந்து அழைத்து வரப்பட்டவர்களே. அவர்கள் ஏன் அந்நிலையை அடைந்தார்கள் என்ற கேள்வியைப் படம் கேட்பதில்லை. ஓர் ஏழை அந்நியன் நல்லவனாகத் தோன்ற வேண்டுமானால் இன்னோர் ஏழை அந்நியன் விலங்காகத் தோன்றவேண்டும் என்ற கணக்கு இதில் இருக்கிறது. இது ஆளும் வர்க்கத்துக்கு மிகவும் உவப்பான கணக்கு. இரண்டாவது, அடையாளமும் ஒட்டுறவும் பற்றிய கேள்விக்குப் புல்வெளி விடையாகாது. வேறொரு நாட்டுக்கு மாறியதும் எல்லாம் சரியாகும் என்றால், முதல் நாட்டில் கேட்கப்பட்ட வினாவுக்கு என்ன பொருள்?

இந்தத் தவறு நெறியாளருடையது. எழுத்தாளர் ஷோபாசக்தியின் எந்தக் கதையும் தன் மனிதருக்கு அப்படி ஒரு புல்வெளியைப் பரிசளித்ததில்லை. ஐரோப்பாவின் விருது மேடை எழுத்தாளரை எழுத்தாளராக ஏற்பதற்கு முன் சாட்சியாக ஏற்றுக்கொள்ளும் ஆபத்து இங்கே இருக்கிறது. வியட்நாமில் பிறந்து 1975இல் நான்கு வயதுக் குழந்தையாக அமெரிக்கா சென்ற வியட் தான் நுவென் இதனை நன்குணர்ந்த எழுத்தாளர். 2015இல் வெளிவந்து அடுத்த ஆண்டு புலிட்சர் பரிசு பெற்ற அவரது ‘த சிம்பதைசர்’ நாவலும் ஒரு பத்திர வடிவிலேயே அமைந்தது. சிறையதிகாரிக்குக் கைதி எழுதிக் கொடுக்கும் ஒப்புதல் வாக்குமூலம் அது. அந்நாவலில் ஹொலிவுட் நெறியாளர் ஒருவர் வியட்நாம் போரைப் படமாக்குகிறார். அதில் வியட்நாமியருக்குப் பேசுவதற்கு வாயே இல்லை. வாக்குமூலமும் மனுவும் ஒரே குலத்துப் பிள்ளைகள். இரண்டையும் அதிகாரம் கேட்டு வாங்குகிறது. அவ்வடிவங்களையே பறித்துத் தம் மக்களுக்காகப் பேச வைத்தார்கள் என்பதே இவ்விரு எழுத்தாளர்களின் பொதுச் சாதனை.

முற்போக்கு முகாமிலுள்ள நண்பர்கள் சிலர் ஷோபாசக்தியிடம் ஒரு குறை காண்பதுண்டு. எல்லாவற்றையும் எள்ளி நகையாடும் இவர் எந்த வழியைக் காட்டுகிறார், மக்களின் கூட்டு எழுச்சி எங்கே, நம்பிக்கை எங்கே என்று கேட்கின்றனர். கேள்வி அலட்சியம் செய்யத்தக்கதன்று. அவரது கதைகளில் தனி மனிதன் அமைப்புகளால் நசுக்கப்படுகிறான்; அவனோடு சேர்ந்து நிற்கும் கைகள் குறைவு. ஆயினும், கடைசிப் பக்கத்தில் கொடியேற்றி முடிக்கும் கதையே முற்போக்குக் கதை என்ற வாய்பாட்டை நாம் ஏற்கவில்லை. விடுதலையின் பெயரால் மனிதனைச் சிறுமைப்படுத்திய ஒரு காலத்தில், அந்தச் சிறுமையை மறைக்காமல் எழுதியது விடுதலைக்குச் செய்த பணியே. அன்றியும், ‘இச்சா’வில் கிழக்கிலங்கைப் பெண்ணொருத்தியின் சிறை வாழ்வை மையமாக்கியபோது, தீவகத்து ஆணின் அனுபவ எல்லையை அவர் கடந்தார். வேறொருவர் வாழ்வுக்குள் புகுந்து பேசும் முயற்சியும் கூட்டுணர்வின் ஒரு வடிவமே.

நமது குறை வேறிடத்தில் இருக்கிறது. ‘கண்டி வீரன்’ என்ற கதையிலே, மலைநாட்டின் பெயரைச் சுமந்த ஒருவனுக்கு விடுதலை இயக்கமொன்று மரண தண்டனை விதிக்கிறது. அதிகாரம் எவ்வளவு சிறியதாயினும் தனக்கென ஒரு குற்றவாளியைத் தேடிக்கொள்ளும் என்பதை இக்கதை நகைச்சுவையும் திகிலும் கலந்து காட்டுகிறது. இயக்கத்தைப் பற்றிய தீர்ப்பாக இது வலிமையானது. ஆனால் ‘கண்டி’ என்ற சொல் எங்கிருந்து வந்தது, அந்த மலையிலே இருந்தவர்கள் யார், அவர்களை வடக்கு நோக்கித் தள்ளியது எது என்பன கதையின் வெளியே நின்றுவிடுகின்றன. இதற்காக ஆசிரியரைக் கடிந்துகொள்வது முறையாகாது. ஒருவர் எல்லாருக்காகவும் எழுத இயலாது. அந்தக் கடன் மலையகத்தாருடையது.

அக்கடனைத் தீர்க்கத் தொடங்கியோர் நம்மிடையே இல்லாமலில்லை. கோகிலம் சுப்பையாவின் ‘தூரத்துப் பச்சை’, அந்த ஒப்பந்தம் கைச்சாத்தான 1964ஆம் ஆண்டிலேயே வெளிவந்தது. தெளிவத்தை ஜோசப்பின் ‘நாமிருக்கும் நாடே’ தொகுதி 1979இல், கப்பல்கள் மக்களை ஏற்றிச் சென்றுகொண்டிருந்தபோதே வந்தது. ஷோபாசக்தியைப் படித்த பின்னர் இவற்றை மீண்டும் படிக்கையில் ஓர் உண்மை தெளிவாகிறது. மலையக எழுத்து உழைப்பின் துயரையும் பிரிவின் துயரையும் நிறைவாகப் பாடியிருக்கிறது. பத்திரத்தின் கதையை இன்னும் முழுமையாகச் சொல்லவில்லை. பிரசாவுரிமை விண்ணப்பத்தில் எழுதப்பட்ட பொய்கள் எத்தனை? ஒரே லயத்தில் அண்ணனுக்கு இந்தியா, தம்பிக்கு இலங்கை என்று தீர்ப்பு வந்தபோது விண்ணப்பத்தில் அடங்காமற் போன பேச்சு எது? இவை எழுதப்படக் காத்திருக்கின்றன. எழுதியவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று நமது வகுப்பறைகளில் இருக்கிறார்கள்.

இப்பிள்ளைகளிடம் ஊர் எது என்று கேட்டால் தோட்டத்தின் பெயரையும் டிவிசனின் பெயரையும் சொல்கிறார்கள். அவர்களின் பாட்டிமாரைக் கேட்டால், தாம் ஒருபோதும் கண்டிராத திருச்சியையோ சேலத்தையோ சொல்கிறார்கள். இரண்டுக்கும் நடுவே ஒரு தபால் முகவரி இல்லை. பல தோட்டங்களில் இன்றைக்கும் கடிதம் தோட்டக் கந்தோரைச் சுற்றித்தான் வந்து சேருகிறது. பிரசாவுரிமை கிடைத்தது, நிலவுரிமை கிடைக்கவில்லை. 2023இல் மலையக மக்கள் இந்நாட்டுக்கு வந்த இருநூறாவது ஆண்டை நினைவுகூர்ந்து, தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை மக்கள் நடந்து சென்றார்கள். அந்நடை ஒரு மனு. ஆனால் கும்பிட்ட கையோடு கொடுத்த மனு அன்று. ‘நீ யார்?’ என்று கேட்ட கந்தோரைப் பார்த்து, ‘இதைக் கேட்க நீ யார்?’ என்று திருப்பிக் கேட்ட நடை.

அந்தத் திருப்பிக் கேட்டலுக்கு ஷோபாசக்தியின் எழுத்து நல்ல துணை. போலிக் கடவுச்சீட்டில் எல்லை கடந்த ஒருவர், தம் மொழியை எந்த எல்லையிலும் கைவிடாமல், அதிகாரத்தின் படிவங்களுக்குள்ளேயே மனிதரின் குரலை ஒலிக்கச் செய்தார். அவரைத் திரைப்பட விருதுக்காக அறிந்தவர்கள் அவரது நாவல்களைத் தேடிப் படிக்க வேண்டும். படித்தவர்கள், அதிலும் மலையக இளைஞர்கள், தத்தம் வீட்டு அலுமாரியிலும் தகரப்பெட்டியிலும் மடித்து வைக்கப்பட்டிருக்கும் பழைய பத்திரங்களை எடுத்து, அவற்றில் எழுதப்பட்டிருப்பவை எவை, எழுதப்படாமல் விடப்பட்டவை எவை என்று முதியோரைக் கேட்க வேண்டும். அம்முதியோர் ஆண்டுக்கு ஆண்டு குறைந்து வருகிறார்கள். கேட்கும் வேலையை இவ்வாண்டே தொடங்குவது நலம்.